ஒற்றை இருக்கை கிளைடரை நீட்டினால் பயிற்சி கிளைடர் ஆகிவிடுமா?

கேள்வியைச் சுருக்கினால் இப்படி வரும்: 15 மீட்டர் இறக்கையுள்ள ஒற்றை இருக்கை கிளைடர் (இயந்திரம் இல்லாமல் சறுக்கிப் பறக்கும் விமானம்) ஒன்றின் வரைபடங்கள் கையில் இருக்கின்றன. உடலை ஒன்றரை மீட்டர் நீட்டி, இறக்கைக்குப் பின்னால் இன்னோர் இருக்கை வைத்து, எல்லாவற்றையும் கார்பன் இழையில் செய்தால் சறுக்கு விகிதம் (ஒரு மீட்டர் உயரம் இழந்தால் எத்தனை மீட்டர் முன்னே போகும் என்பது) 38 வரும், மாணவர்களுக்கும் ஆகும். இதில் என்ன தவறு? நீட்டலாமா கூடாதா என்று கேட்பதுபோல் இருந்தாலும், அடியில் இருப்பது வேறு கேள்வி. ஒரு கிளைடரைப் பயிற்சி கிளைடர் ஆக்குவது எது, எதை முதலில் முடிவு செய்ய வேண்டும்? இரண்டாவது ஆள் எங்கே உட்காருகிறார் என்பதைத்தான் முதலில் முடிவு செய்ய வேண்டும். இறக்கை, வால், சக்கரம் எல்லாம் அதைப் பின்தொடர்ந்து வரும். சறுக்கு விகிதம் அந்த வரிசையில் கடைசியில் நிற்கிறது.

ஈர்ப்பு மையத்தில் தொடங்குவோம், இது வெறும் கூட்டல் கழித்தல்தான். வெற்றுக் கிளைடர் 370 கிலோ என்றும், அதன் எடை மையம் இறக்கையின் முன்விளிம்பு உடலைச் சேரும் புள்ளிக்கு 72 செ.மீ. பின்னால் என்றும் வைத்துக்கொள்ளுங்கள். முன் இருக்கைக்காரரின் எடை அந்தப் புள்ளிக்கு 120 செ.மீ. முன்னால் விழுகிறது, பின் இருக்கைக்காரரின் எடை 10 செ.மீ. முன்னால். 60 கிலோ மாணவர் தனியாகப் பறந்தால் மொத்த மையம் 452 மி.மீ. பின்னால் வரும். 110 கிலோ மாணவரும் 100 கிலோ ஆசிரியரும் ஏறினால் 214 மி.மீ. இடையில் கிட்டத்தட்ட 24 செ.மீ. வீச்சு; சராசரி அகலம் 106 செ.மீ. உள்ள இறக்கைக்கு இது 22 விழுக்காடு. இந்த வீச்சு முழுவதிலும் கிளைடர் நிலையாகப் பறக்க வேண்டும், முன்னெல்லையில் தரையிறங்கும்போது மூக்கைத் தூக்க கிடைவாலின் அசையும் பகுதியான எலிவேட்டருக்குப் போதிய பலம் வேண்டும், பின்னெல்லையில் எலிவேட்டர் விரல் நுனிக்கே துள்ளக் கூடாது.

இப்போது உங்கள் திட்டத்தைப் போட்டுப் பாருங்கள். பின் இருக்கை முன்விளிம்புக்கு 60 செ.மீ. பின்னால் போகிறது. வெற்றுக் கிளைடரின் மையம் மாறாது என்று தாராளமாக விட்டுவிட்டாலும், 60 கிலோ மாணவரும் 110 கிலோ ஆசிரியரும் ஏறினால் மையம் 482 மி.மீ.க்குப் போய்விடும். ஆசிரியர் ஏறியதால் மூக்கு கனப்பதற்குப் பதில் வால் கனக்கிறது. எடை குறைந்த மாணவர், எடை கூடிய ஆசிரியர் என்ற சேர்க்கை பயிற்சியில் அன்றாடம் நடப்பது. ஆசிரியர் ஈர்ப்பு மையத்துக்கு வெகு அருகில் அல்லது சற்று முன்னால் உட்கார வேண்டும் என்பதும், தனியாகப் பறப்பவர் எப்போதும் முன் இருக்கையில்தான் என்பதும் இந்தக் கணக்கிலிருந்து வருகின்றன.

ஆனால் அந்த இடத்தில்தான் இறக்கையின் முதன்மை உத்தரமான ஸ்பாரும் உடலைக் கடந்து போக விரும்புகிறது. ஆளும் ஸ்பாரும் ஒரே இடத்தில் இருக்க முடியாது. பழைய தலைமுறை இதற்குக் கண்ட வழி முன்சாய்வு: இறக்கையின் வேரை ஆசிரியரின் முதுகுக்குப் பின்னால் தள்ளிவிட்டு, நுனிகளை முன்னோக்கி வளைத்து, தூக்குவிசையின் மையத்தை மறுபடி முன்னால் கொண்டுவந்துவிடுவது. 1956-ல் முதலில் பறந்த செக்கோஸ்லோவாக்கியாவின் எல்-13 பிளானிக், 1966-ல் வந்த ஜெர்மனியின் ஏ.எஸ்.கே. 13 இரண்டின் இறக்கைகளும் முன்னோக்கிச் சாய்ந்திருப்பது அழகுக்காக அல்ல. முன்சாய்வில் ஒரு நன்மையும் உண்டு, வேர்ப்பகுதி முதலில் ஸ்டால் ஆகும் (தூக்குவிசையை இழக்கும்), விமானத்தைப் பக்கவாட்டில் சாய்க்கும் அசைபலகையான எய்லரான் இருக்கும் நுனி பிழைத்திருக்கும். விலை என்னவென்றால் வளையும் இறக்கை நுனியை மேல்நோக்கி முறுக்கப் பார்க்கும். அதைத் தாங்க இறக்கைத் தோலின் முறுக்கு விறைப்பைக் கூட்ட வேண்டும், எடை ஏறும். நான்கைந்து பாகைக்கு மேல் நான் போக மாட்டேன். முடிந்தால் ஒன்றிரண்டு பாகையோடு நிறுத்திக்கொண்டு, மீதியை இருக்கை அமைப்பில் தீர்ப்பேன்.

அடுத்து பரப்பளவு. ஃபிளாப் (பின்விளிம்பில் கீழே இறங்கும் மடல்) இல்லாத, 18 சதுர மீட்டர் இறக்கையோடு 600 கிலோ எடை என்றால், உச்சத் தூக்குவிசைக் கெழு 1.5 என்று எடுத்துக்கொண்டு ஸ்டால் வேகம், அதாவது பறக்கக்கூடிய மிகக் குறைந்த வேகம், மணிக்கு 68 கி.மீ. வரும், 470 கிலோவில் தனியாகப் பறக்கும்போது 60. இறங்கும் வேகம் 90-லிருந்து 100-க்குள் அடங்கும். மாணவருக்கு ஏற்ற எண்கள் இவை. உங்கள் 15 மீட்டர் வரைபடத்தில் பரப்பு பத்துப் பதினோரு சதுர மீட்டர்தான் இருக்கும். அதில் 600 கிலோவை ஏற்றினால் ஸ்டால் 87-க்கு மேல், இறங்கும் வேகம் 120-ஐத் தொடும். கார்பன் போட்டு 40 கிலோ குறைத்தாலும் இது தீராது. ஆகவே இறக்கை புதியது, நீட்டல் இங்கேயே முடிந்துவிட்டது.

சறுக்கு விகிதத்தைப் பற்றி ஒரு வார்த்தை. 1970-களின் இறுதியில் பறக்கத் தொடங்கி உலகமெங்கும் பயிற்சிக்கு நிற்கும் ஏ.எஸ்.கே. 21-க்கு 17 மீட்டர் இறக்கை, உச்ச எடை 600 கிலோ, சறுக்கு விகிதம் 34. தரையிலிருந்து கயிற்றைச் சுருட்டி இழுக்கும் வின்ச்சில் 400 மீட்டர் ஏறி, ஒரு சுற்று வந்து இறங்கும் மாணவருக்கு 34-க்கும் 38-க்கும் உள்ள வேறுபாடு தெரியவே தெரியாது. வெப்ப எழுச்சியில் தொலைதூரம் போகக் கற்பிக்க வேண்டும் என்றால் அது வேறு வகை விமானம். 20 மீட்டர் இறக்கையுள்ள இரட்டை இருக்கை கிளைடரான டியோ டிஸ்கஸ் அதற்குப் பிறந்தது. இரண்டு வேலையையும் ஒன்றிலேயே திணித்தால் இரண்டும் அரைகுறையாகும் என்பது என் கருத்து. மாற்றுக் கருத்து உள்ளவர்கள் இருக்கிறார்கள்.

இதுவரை சொன்னது காகிதத்தில் உறுதியாகத் தெரிவது. ஸ்டாலும் ஸ்பின்னும் (ஒரு பக்க இறக்கை ஸ்டால் ஆகி விமானம் சுழன்றுகொண்டே விழுவது) அப்படி இல்லை. இறக்கைக்கு இரண்டு மூன்று பாகை முறுக்கு கொடுக்கலாம், நுனியில் தாமதமாக ஸ்டால் ஆகும் வெட்டுவடிவம் தேரலாம், மழைத்துளியும் பூச்சிகளும் ஒட்டினால் தூக்குவிசை சட்டென்று விழாத வடிவமாகப் பார்க்கலாம். இவ்வளவு செய்தும் பின்னெல்லை ஈர்ப்பு மையத்தில் ஸ்பின் எப்படி இருக்கும் என்பதைக் கணக்கு திட்டவட்டமாகச் சொல்லாது. சி.எஸ்.-22 எனும் ஐரோப்பிய விதித்தொகுப்பு, மீட்பு நடவடிக்கை தொடங்கியபின் ஒரு சுற்றுக்குள் கிளைடர் ஸ்பின்னிலிருந்து வெளியே வர வேண்டும் என்கிறது. ஆனால் ஸ்பின்னில் விழவே மறுக்கும் கிளைடர் நல்ல ஆசானா? ஏ.எஸ்.கே. 21 சாதாரண எடையில் ஸ்பின்னில் நிற்காது, அதைக் கற்பிக்க வாலில் தனிப் பாரங்கள் பொருத்துகிறார்கள். போலந்தின் பயிற்சி கிளைடரான புஹாச் கேட்டவுடன் ஸ்பின்னில் இறங்கும், அதனாலேயே அதைக் கையாள்வதில் கவனம் வேண்டும். முதல் வடிவமைப்பு என்றால் சாதுவான பக்கம் சாய்ந்து, வாலில் பாரம் வைக்கும் இடத்தை ஆரம்பத்திலேயே வரைந்துவிடுங்கள். பாரம் வைத்தது முன்னிருக்கையிலிருந்தே கண்ணில் படும்படி ஓர் அடையாளமும் வேண்டும்.

எய்லரான் இழுக்கும் எதிர்த் திருப்பத்தை (சாய்க்கும் பக்கத்துக்கு எதிராக மூக்கு திரும்புவதை) முழுக்க ஒழித்துவிடாதீர்கள். மேலே போகும் எய்லரான் கீழே வருவதைப்போல் இரண்டு மடங்கு அசையும்படி வைத்தால் எதிர்த் திருப்பம் குறையும், ஆனால் கொஞ்சம் மிஞ்சியிருக்கட்டும். மூக்கை இடவலமாகத் திருப்பும் ரடர் எதற்கு என்று மாணவர் கற்பது அதில்தான். உருளும் வேகத்துக்கு ஒரு கணக்கு உண்டு: 45 பாகை இடச்சாய்விலிருந்து 45 பாகை வலச்சாய்வுக்கு, இறக்கை நீளத்தை மூன்றால் வகுத்த அளவு விநாடிக்குள் வர வேண்டும். 17 மீட்டருக்கு 5.7 விநாடி. இறக்கையிலிருந்து எழுந்து காற்றைத் தடுக்கும் ஏர்பிரேக்கை முழுக்கத் திறந்தால் சறுக்கு 1-க்கு 7-ஐவிடச் செங்குத்தாக இருக்க வேண்டும். விதி கேட்பது அவ்வளவுதான், பயிற்சிக்கு 1-க்கு 6 இருந்தால் நல்லது. பூட்டு, நெம்புகோல் மையத்தைத் தாண்டி மடிந்து இறுகும் வகையாக இருக்கட்டும். பூட்டாத ஏர்பிரேக் வேகம் கூடும்போது உறிஞ்சப்பட்டுத் தானே திறக்கும்; புறப்பாட்டு விபத்துகளில் திரும்பத் திரும்ப வரும் கதை இது. பூட்டும்போது இரு காக்பிட்டிலும் கையில் உணரும்படி ஒரு சொடுக்கு வேண்டும்.

வின்ச் ஏற்றத்தைப் பலர் பலத்தின் கணக்காக மட்டும் பார்க்கிறார்கள். கயிற்றில் வைக்கும் பலவீன இணைப்பில் (சுமை மிஞ்சினால் முதலில் அறுவதற்கென்றே வைக்கும் துண்டு) கருப்பு நிறத்தது ஏறத்தாழ 1,000 கிலோ இழுவிசையில் அறும். ஏற்றத்தின் உச்சியில் கயிறு கிட்டத்தட்ட நேர்கீழாக இழுக்கும்போது, 600 கிலோ கிளைடரின் இறக்கை 1,600 கிலோவைத் தூக்குகிறது. அந்த நேரத்தில் ஸ்டால் வேகம் 68 அல்ல, 111. வின்ச்சின் உச்ச வேக வரம்பை 110 என்று வைத்தால் என்ன ஆகும் என்று நீங்களே பார்த்துக்கொள்ளலாம். 140, 150 வரை இறக்கையும் ஹூக் இணைப்பும் தாங்க வேண்டும். ஹூக் இரண்டு வேண்டும்: விமானத்தால் இழுக்க மூக்கில் ஒன்று, வின்ச்சுக்கு ஈர்ப்பு மையத்துக்குச் சற்று முன்னால் அடியில் ஒன்று. பின்னது கயிறு பின்னோக்கிச் சாய்ந்தால் தானே கழன்றுவிடும் வகையாக இருக்க வேண்டும். இரண்டும் ஒரே மஞ்சள் குமிழில் திறக்கட்டும்.

ஸ்பாரின் முதல் மதிப்பீடு இதோ. சாதாரணப் பயன்பாட்டு வகுப்புக்கு வரம்புச் சுமை எடையைப்போல் 5.3 மடங்கு, அதன்மேல் பாதுகாப்புக் காரணி 1.5, ஆக 600 கிலோவுக்கு 4,770 கிலோ தூக்குவிசை. பாதி இறக்கைக்கு 2,385, அது வேரிலிருந்து சுமார் 3.6 மீட்டரில் செயல்படுகிறது. இறக்கையின் சொந்த எடை எதிர்த்திசையில் உதவுகிறது. ஒரு பக்கம் 90 கிலோ, 3 மீட்டரில் என்று கழித்தால் வேரில் வளைவு சுமார் 6,400 கிலோ-மீட்டர், அதாவது 63 கிலோநியூட்டன்-மீட்டர். ஸ்பாரின் மேல் கீழ்ப் பட்டைகளுக்கு இடையே 23 செ.மீ. கிடைத்தால் ஒவ்வொரு பட்டையிலும் 274 கிலோநியூட்டன். கண்ணாடி இழையில் சதுர மில்லிமீட்டருக்கு 300 நியூட்டன் என்று அடக்கமாக எடுத்தால் 60 மி.மீ. அகலம், 15 மி.மீ. தடிமன். இது வரையத் தொடங்குவதற்கான எண், கட்டுவதற்கானது அல்ல; வெட்டு விசை தாங்கும் நடுச்சுவர், வேரில் உள்ள ஊசிகள், தாறுமாறாகத் தரையிறங்கும் சுமை எல்லாம் இன்னும் பார்க்கப்படவில்லை. முறிவது பெரும்பாலும் பட்டை அல்ல, ஊசி நுழையும் துளையைச் சுற்றிய இடமும் ஒட்டுப்பசை வரிசையும்தான்.

கார்பனா கண்ணாடி இழையா என்ற கேள்விக்கு 17 மீட்டர் பயிற்சி கிளைடருக்கு நான் கண்ணாடி இழை என்பேன். அடிபட்ட இடம் வெளுத்துக் காட்டிக்கொடுக்கும். கார்பன் உள்ளே பிளந்திருந்தும் மேலே பளபளவென்று இருக்கும். மாணவர்கள் ஒரு நாளில் இருபது முறை தரையிறக்கும் விமானத்தில் அது சிறிய விஷயமல்ல. எப்பாக்ஸி சூட்டில் இளகும் என்பதால் சோதனை 54 பாகை செல்சியஸில் நடக்கும். கிளைடர்கள் வெள்ளையாக இருப்பதும் அதனால்தான். இறக்கைமேல் அடர்நிறப் பட்டை போடும் ஆசை வந்தால் விட்டுவிடுங்கள்.

களைப்பு, அதாவது திரும்பத் திரும்ப வரும் சுமையால் பொருள் சோர்வது, பயிற்சி கிளைடரின் தனி நோய். சராசரிப் பறப்பு 10 நிமிடம் என்றால் 1,000 மணி நேரத்தில் 6,000 ஏற்றம், 6,000 இறக்கம். தொலைதூரக் கிளைடர் அதே 1,000 மணியில் சில நூறு முறைதான் இறங்கியிருக்கும். முழுக்க உலோகத்தாலான எல்-13 வகையில் 2010 ஜூனில் ஆஸ்திரியாவில் ஒரு கிளைடரின் இறக்கை வானிலேயே முறிந்து இருவர் இறந்தனர். ஸ்பாரில் களைப்பு விரிசல் இருந்தது, அந்த வகை முழுதும் தரையில் நிறுத்தப்பட்டது. கண்ணாடி இழை இதில் பொறுமைசாலிதான், பல வகைகளுக்குக் கட்டங்கட்டமாகச் சோதித்து 12,000 மணி வரை ஆயுள் தந்திருக்கிறார்கள். ஆனாலும் உள்ளே இருக்கும் உலோகப் பாகங்கள் அவ்வளவு பொறுக்காது. பெடலில் வளைந்த குழாய் வழியே ஓடும் ரடர் கம்பி, வளைவில் தேய்ந்து இழை இழையாக அறும். அதைக் கழற்றாமலே பார்க்க ஒரு துளை விடுங்கள்.

சக்கரம் மடிய வேண்டாம். மாணவர் அதைக் கீழே இறக்க மறப்பார், ஆசிரியரும் மறப்பார். விநாடிக்கு 1.7 மீட்டர் கீழ்நோக்கிய வேகத்தில் 600 கிலோ தரையைத் தொட்டால் 867 ஜூல் ஆற்றல் எங்காவது போக வேண்டும். ஆளின் முதுகெலும்பு உணரும் சுமையைச் சராசரி நான்கு மடங்குக்குள் வைக்கக் குறைந்தது 5 செ.மீ. அசைவு வேண்டும், ரப்பர் முழுத் திறனோடு வேலை செய்யாது என்பதால் 10 செ.மீ. எடுத்துக்கொள்ளுங்கள். முதன்மைச் சக்கரத்தை இருவர் ஏறியபின் வரும் ஈர்ப்பு மையத்துக்குச் சற்றுப் பின்னால் வைத்து, மூக்கில் சிறு சக்கரம் கொடுத்தால் பிரேக் பிடித்தாலும் மூக்கு தரையில் உழாது, துள்ளலும் குறையும். இருக்கைக்கு அடியில் ஆற்றல் உறிஞ்சும் நுரை தனியாக வேண்டும்.

இரட்டைக் கட்டுப்பாட்டில் மறக்கப்படும் ஒரு சுமை, இருவரும் எதிரெதிராக இழுப்பது. பயந்த மாணவர் கட்டுப்பாட்டுக் குச்சியைப் பிடித்துத் தொங்க, ஆசிரியர் எதிர்ப்பக்கம் தள்ளுவார். இருவரும் தலா ஒற்றை விமானிக்கு வகுத்த விசையில் 75 விழுக்காட்டைச் சேர்ந்தும் எதிர்த்தும் போட்டால் இணைப்புத் தண்டு தாங்க வேண்டும் என்று விதி சொல்கிறது. இறக்கையையும் வாலையும் பூட்டும்போது எய்லரானும் எலிவேட்டரும் ஏர்பிரேக்கும் தாமாகவே இணைய வேண்டும். கையால் மாட்டும் இணைப்பை மறந்து பறந்தவர்கள் பலர் மீளவில்லை. ஏர்பிரேக் பிடி நீலம், குச்சியின் விசையைச் சமன் செய்யும் டிரிம் பச்சை, காக்பிட்டின் கண்ணாடி மூடியான கேனப்பியை உதறும் பிடி சிவப்பு என்ற நிற மரபை மாற்றாதீர்கள்.

கம்ப்யூட்டரில் எவ்வளவு வரைந்தாலும், மரப்பலகையிலும் அட்டையிலும் முழு அளவுக் காக்பிட் ஒன்றை முதலில் செய்யுங்கள். 1.55 மீட்டர் உயரமுள்ளவரையும் 1.95 மீட்டர் உயரமுள்ளவரையும் பாராசூட்டோடு இரு இருக்கையிலும் உட்கார வையுங்கள். முழங்கால் ஏர்பிரேக் பிடியில் இடிக்கிறதா, குச்சியை முழுக்கப் பக்கவாட்டில் தள்ளினால் தொடை தடுக்கிறதா, முன்னவர் தலைக்கு மேலாகப் பின்னவருக்குத் தரை தெரிகிறதா, பின்னவர் எத்தனை விநாடியில் வெளியே குதிக்கிறார் என்று பாருங்கள். பின் இருக்கையை 10 செ.மீ. உயர்த்த நேர்ந்தால் உடலின் குறுக்களவே மாறும், அதனால்தான் இது அச்சுகள் செய்வதற்கு முன்னால்.

எடை எப்போதும் கணக்கைவிடக் கூடும். அதிலும் வாலில் கூடுவது கொடுமை: ஈர்ப்பு மையத்திலிருந்து 4.5 மீட்டரில் 1 கிலோ கூடினால், மூக்கில் 2 கிலோ ஈயம் வைக்க வேண்டும். வால் அளவுகளுக்குத் தொடக்கமாகக் கிடைவால் 2.2 சதுர மீட்டர், செங்குத்துவால் 1.4 சதுர மீட்டர் எடுத்து, நெம்புநீளம் 4.6 மீட்டரை ஒட்டி வைத்தால் கிடைவால் கனக் கெழு (வாலின் பரப்பையும் நெம்புநீளத்தையும் இறக்கையோடு ஒப்பிடும் எண்) 0.53, செங்குத்துவாலுக்கு 0.021 வரும், இரண்டும் இந்த வகைக்கு வழக்கமான எல்லைக்குள். ஆனால் நீண்ட மூக்கு நிலைத்தன்மையை எவ்வளவு கெடுக்கும் என்பதில் கணக்கு இறக்கை அகலத்தில் இரண்டு மூன்று விழுக்காடு பிசகும், அதாவது மூன்று செ.மீ. வரை. பின்னெல்லையை அந்த அளவு முன்னாலேயே வைத்துத் தொடங்குங்கள்.

சோதனையில் வரிசை மாறக் கூடாது. முதலில் ஓர் இறக்கையை உடையும் வரை சுமையேற்றிப் பார்ப்பது, பிறகு முழு விமானத்தையும் தொங்கவிட்டு அதிர்வுச் சோதனை, கட்டுப்பாட்டுப் பரப்புகளின் எடைச் சமநிலையை அளந்து எழுதுவது. மறுபடி பெயின்ட் அடித்த எய்லரானில் சில நூறு கிராம் கூடுவதே படபடப்பு அதிர்வு தொடங்கும் வேகத்தைக் கீழே கொண்டுவந்துவிடும். முதல் பறப்பு ஈர்ப்பு மையம் நடுவில் இருக்க, ஒற்றை விமானியோடு. பின்னர் மையத்தை ஒவ்வொரு சென்டிமீட்டராகப் பின்னே நகர்த்தி ஸ்டால். ஸ்பின் அதற்கும் பிறகு, போதிய உயரத்தில், வாலில் மீட்புப் பாராசூட்டோடு. வேகத்தை 10 கி.மீ. படிகளில் கூட்டி, ஒவ்வொரு படியிலும் குச்சியைத் தட்டி அதிர்வு அடங்குகிறதா என்று பார்க்க வேண்டும். எழுதித்தரும் உச்ச வேகம், பறந்து காட்டியதில் 90 விழுக்காட்டுக்கு மேல் போகக் கூடாது. 250 என்று பலகையில் எழுத வேண்டுமானால் யாரோ ஒருவர் 278-ல் பறந்திருக்க வேண்டும். அந்த ஒருவர் வடிவமைத்தவராக இல்லாதிருப்பது நல்லது. தன் கணக்கின் மேல் நம்பிக்கை வைத்தவருக்கு, அடுத்த படிக்குப் போகாமல் அன்றைக்கு இறங்கிவிடுவது கடினம்.